அர்த்தம் மாறாமல்

முதலாளி யோரன் போட்டி நிறுவனத்தின் விளம்பரத்தை அனுப்பியிருந்தார். "அர்த்தம் மாறாம சொல்லை மட்டும் மாத்திடு, தீரா. நம்ம மென்பொருளுக்குப் போட்டுக்கலாம்."

'எங்கிருந்தும் அலுவலகக் கணினியைப் பாதுகாப்பாக இயக்கலாம்' என்றிருந்ததை, 'எவ்விடத்திலிருந்தும் பணியிடக் கணினியைப் பத்திரமாகக் கையாளலாம்' என்று தீரா மாற்றினாள். அலுவலகத்துக்கு வெளியே, யோத்தபோரி நகரத் துறைமுகத்தில் காற்று வலுத்தது. அவள் வீடு எதிரே இருந்த தீவில்.

யோரனைக் கைபேசியில் அழைத்தாள். "படகை நிறுத்தப் போறாங்களாம். மிச்சத்தை வீட்லேருந்து நம்ம மென்பொருள் வழியா முடிச்சிடறேனே?"

"நம்மளதுலயா? எவனாவது உள்ள பூந்துடுவான். ஆபீஸ்லயே உக்காரு."

அப்போது அவள் திரையில் அம்புக்குறி தானாக நகர்ந்து, 'பத்திரமாக' என்பதை 'அச்சமின்றி' என்று திருத்தியது.

"யோரன், இது நீங்களா? எங்க இருக்கீங்க?"

"பனிச்சறுக்குக்கு வந்தேன், மலைமேல இருக்கேன். போட்டிக்காரங்க மென்பொருள்ல வேலை பாக்கறேன். அருமையா ஓடுது."

தீரா கோட்டை மாட்டிக்கொண்டாள். "அப்ப எனக்கும் அதையே போட்டுக் குடுங்க. நான் படகைப் பிடிக்கணும்."