பன்னிரண்டாவது லைசென்ஸ்

பாலத்து அக்காவின் பெயருக்கு நேரே நான்கு மணி நேரம்தான் காட்டியது.

வாரம் முழுவதற்கும் நான்கே நான்கு!

யார் எத்தனை மணி நேரம் மென்பொருளைத் திறந்தார்கள் என்று கணக்கு வைக்கும் லைசென்ஸ் சர்வரைப் பார்த்துக்கொள்பவன், மறுபடியும் ஒருமுறை பார்த்தான். வாரத்துக்குப் பத்து மணி நேரம்கூட மென்பொருளைத் திறக்காத இன்ஜினியர்கள் யார் யார் என்று இன்று மாலை மேலாளருக்குப் பட்டியல் தரவேண்டும். பட்டியலில் பெயர் வந்தால் வேலை போச்சு.

இத்தனைக்கும் அந்த ஆபீஸில் உருப்படியாக வேலை பார்ப்பவர் அக்கா ஒருவர்தான். பாலத்தின் கணக்கையெல்லாம் காகிதத்தில் போட்டுவிட்டு, சரிபார்க்க மட்டும் மென்பொருளைத் திறப்பார். முடிந்ததும் மூடிவிடுவார்.

இருப்பதோ பன்னிரண்டு லைசென்ஸ். பதிமூன்றாவது ஆளுக்குத் திறக்காது. ‘வேலை முடிந்தால் மூடுங்கள், மற்றவர்கள் காத்திருக்கிறார்கள்’ என்று சுவருக்குச் சுவர் ஒட்டிவைத்தவனே அவன்தான். அதை மதித்த ஒரே ஜீவன் அக்கா.

மற்ற மகராசன்கள் காலையில் திறந்துவைத்துவிட்டு, டீ குடித்து, ஊர்க்கதை பேசியே நாற்பது மணி நேரம் சேர்த்திருந்தார்கள்.

இதை விளக்கலாமென்று மேலாளரிடம் போனான். எண்ணை மட்டும் கொடு, கதை வேண்டாம் என்று வாயை அடைத்துவிட்டார்.

திரும்பி வந்தவன் கதவைச் சாத்திக்கொண்டு ஒரு காரியம் செய்தான். செய்யக்கூடாததுதான். மனசு கேட்கவில்லை.

அக்காவின் கணக்கு மணிக்கு ஒன்றாக ஏறியது. ஐந்து. ஆறு. ஏழு.

அப்பாடா என்றிருந்தது அவனுக்கு.

எட்டைத் தொட்டபோது போன் அடித்தது. அக்காதான்.

“தம்பி, பன்னிரண்டும் ஃபுல்லா இருக்கு. அதுல ஒண்ணு என் பேர்லயே ஓடுது, யாரோ தெரியாம திறந்துட்டாங்க போல. பாவம், அவங்களுக்கு என்ன அவசரமோ, எடுத்துடாதீங்க. நான் மறுபடியும் காகிதத்துலயே போட்டுப் பார்த்துக்கறேன்.”

அவன் வாயைத் திறப்பதற்குள் வைத்துவிட்டார்.

மூடலாம். மூடினால் அடுத்த நொடியே வேறொரு மகராசன் பிடித்துக்கொள்வான். அக்காவே பிடித்தாலும் கால் மணி நேரத்தில் முடித்து விட்டுக்கொடுத்துவிடுவார்; மாலைக்குள் பத்து நிறையாது.

வெட்கம் பிடுங்கித் தின்றது. மவுஸிலிருந்து கையை எடுத்துக்கொண்டான்.

கண்ணாடிக் கதவுக்கு அப்பால், நான்கு மேசைகள் தள்ளி அக்கா பென்சில் சீவிக்கொண்டிருந்தார். திரையில் அவருடைய எட்டு ஒன்பதானது.