சேப்பாக்கத்தில் எழுந்து நின்றவர்கள்

கடைசி விக்கெட் விழுந்தது.

அவர் எழுந்து கைதட்டினார்.

அந்த வரிசையில் வேறு யாரும் தட்டவில்லை. ஜெயித்தது வெளிநாட்டு அணி.

பெரிய திரையில் ‘சத்தம் போடுங்கள்’ என்ற எழுத்து இன்னும் குதித்துக்கொண்டிருந்தது. அணைக்க மறந்துவிட்டார்கள் போல.

பல வருஷங்களுக்கு முன்னால் இதே மைதானத்தில் பாகிஸ்தான் ஜெயித்தது. கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது. ஊருக்கு நல்ல பெயர் வந்தது. அந்தப் பெயரை ஊர் இன்றுவரை கழற்றவில்லை.

மைதானம் கொள்வது சில பத்தாயிரம் பேரைத்தான். அன்று கைதட்டியவர்கள் என்று எண்ணினால் பத்து லட்சம் தேறும்.

அதில் அவரும் உண்டு.

வடக்கிலிருந்து ஆபீசுக்கு யார் மாற்றலாகி வந்தாலும் முதல் வாரமே அந்தக் கதையைச் சொல்லிவிடுவார். ‘எங்க ஊர்’ என்று ஆரம்பித்து ‘இதுதான் இந்தியா’ என்று முடிப்பார். சம்பந்தியிடம்கூட, பெண் பார்க்க வந்த அன்றே சொன்னார்.

உண்மையில் அந்தப் பாகிஸ்தான் மேட்சில், தோற்கப்போவது தெரிந்ததுமே அவர் கிளம்பியிருந்தார். கூட்டத்துக்கு முன்னால் ரயிலைப் பிடிக்க வேண்டுமே.

பிளாட்பாரத்தில் நிற்கும்போது அந்தக் கைதட்டல் கேட்டது.

அத்தனை கைகள்.

ஜெயித்துவிட்டோம் என்று நினைத்து, டிபன் பாக்ஸோடு நின்ற யாரோ ஒருவரைக் கட்டிப்பிடித்தார்.

வீட்டில் டிவி பார்த்துக்கொண்டிருந்த மனைவிதான் சொன்னாள், தோற்றுவிட்டோம், தட்டியது அவர்களுக்கு என்று.

அதன்பிறகு அவள் அதைப் பற்றிப் பேசியதே இல்லை. அவர் கதையை ஆரம்பித்தால் காபியை வைத்துவிட்டு உள்ளே போய்விடுவாள்.

அந்தச் சத்தத்துக்குள் ஒரே ஒரு தடவை நிற்க வேண்டும். வேறொன்றும் வேண்டாம்.

அதற்காகவே எத்தனையோ மேட்சுக்கு வந்தார். அவர் வந்த நாளெல்லாம் இந்தியா ஜெயித்துத் தொலைத்தது.

இன்றுதான் தோற்றது. இன்று பார்த்து அவளும் கூட வந்திருக்கிறாள்.

பின்வரிசையிலிருந்து ஒருவன் அவர் தோளைத் தொட்டான். கன்னத்தில் மூவர்ணம் வியர்வையில் வழிந்திருந்தது.

“அங்கிள், நீங்க எந்த நாடு?”

அவர் திரும்பவில்லை. தட்டிக்கொண்டே இருந்தார்.

சின்னச் சத்தம்தான் வந்தது.

கூட்டம் படிகளில் முண்டியடித்து இறங்கிக்கொண்டிருந்தது. எல்லோருக்கும் ரயில்.

மனைவி கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

கிளம்பத்தான் என்று நினைத்தார்.

பையை மெல்ல நாற்காலியில் வைத்தாள். இரண்டு கைகளும் இப்போது காலி.