ஆமைக்குத் துணை நின்ற யானை

தன் குஞ்சுகளை உடும்பு தின்றுவிட்டதாக நாமக்கோழி என்னும் நீர்ப்பறவை, ஏரியின் நீதிபதியான ஆமையிடம் முறையிட்டது. உடும்போ ஏரித் தலைவரான முதலைக்கு நெருங்கிய கூட்டாளி. ஆமை ஓட்டுக்குள் தலையை இழுத்துக்கொண்டது.

நாமக்கோழி மலையைத் தாண்டி, எல்லா ஏரிகளுக்கும் பொதுவான நீதிபதியான யானையிடம் போனது.

"உங்கள் ஆமை விசாரித்தால் நான் தலையிட மாட்டேன் தாயி. மறுத்தால் நானே விசாரிப்பேன். வா, கேட்டுப் பார்ப்போம்" என்று யானை கூடவே வந்தது.

ஆமை மெல்லத் தலையை நீட்டியது. "நீங்களே விசாரியுங்கள் ஐயா. எனக்குப் பயமாக இருக்கிறது."

"பயந்துகொண்டே விசாரியப்பா. நான் பக்கத்திலேயே நிற்கிறேன்."

ஆமை உடும்பை வரவழைத்தது. பிறகு நாமக்கோழியிடம், "குஞ்சுகளின் பெயரைச் சொல்லம்மா" என்றது.

விசாரணையில் உடும்பின் குற்றம் உறுதியானது. தீர்ப்புச் சொல்கையில் ஆமையின் குரல் நடுங்கியது. ஆனாலும் உடும்பு அன்றே ஏரியை விட்டு வெளியேற்றப்பட்டது. அதுவரை அழாதிருந்த நாமக்கோழி, யானையின் காலில் சாய்ந்து வாய்விட்டு அழுதது.