சாம்பல் கரைத்த துறை

"ஒரு பிடி சாம்பல்கூட மிஞ்சக் கூடாது. கல்லறைன்னு ஒண்ணு இருந்தாத்தானே கும்பிட வருவானுங்க?" என்று அதிபதி சொல்லிவிட்டார். எரித்த பதினோரு கிறிஸ்தவர்களின் சாம்பலையும் காவலன் மார்செலன் கூடை கூடையாகச் சுமந்துபோய் ஆற்றில் கொட்டினான். தண்ணீர் சற்று நேரம் கலங்கி, பிறகு ஒன்றும் நடக்காததுபோல ஓடியது. தொலைந்தது சனியன் என்று நினைத்துக்கொண்டான்.

புதிதாகச் சேர்கிறவர்களை அந்தக் கூட்டம் ஆற்றில் முக்கித்தான் ஞானஸ்நானம் கொடுக்கும். அது அதிபதிக்கும் உறைக்கவில்லை, அவனுக்கும் உறைக்கவில்லை. விடிந்ததும் வந்து பார்த்தால், அதே துறையில் ஐம்பது அறுபது பேர் இடுப்பளவு தண்ணீரில் நின்றார்கள். நேற்று மைதானத்தில் அந்தப் பதினோரு பேர்மீது கல்லெறிந்த தோல் வியாபாரியும் நின்றான்.

"ஏறுங்கடா மேலே!" மார்செலன் ஈட்டியை நீட்டினான். யாரும் அசையவில்லை. எவ்வளவு தேய்த்தும் போகாத சாம்பல் அவன் நகக்கண்களில் அப்படியே இருந்தது. நேற்று புருஷனைப் பறிகொடுத்த பெண் அந்த விரல்களையே பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள். பிறகு நகர்ந்து, தன் பக்கத்தில் ஓர் ஆளுக்கு இடம் விட்டாள்.

"பாசி வழுக்கும். பார்த்து இறங்குங்க, அண்ணே."