ஆள் வருது

ஒரு குரங்கு கலைஞனாக இருந்தது. அதற்கு வரையவும் தெரியாது, செதுக்கவும் தெரியாது. பேருந்து நிலையத்து சிமெண்ட் பெஞ்சில் ஓர் ஈரிழைத் துண்டை விரித்துவிட்டுப் போய்விடும். அதுதான் அதன் கலை. தலைப்பு, 'வராதவர்'.

முதல் நாள் ஒரு வெள்ளாடு வந்து துண்டைப் பார்த்தது. "ஆள் வருதுபோல" என்று ஓரமாக நின்றுகொண்டது. அடுத்து வந்த கழுதையிடமும் அதையே சொன்னது. பெஞ்சு காலியாகக் கிடக்க, பக்கத்தில் கூட்டம் நின்றது.

"துண்டு போடுறதெல்லாம் ஒரு கலையா?" என்று காகம் கேட்டது.

"நீ உட்கார்ந்து பாரேன்" என்றது குரங்கு. காகம் உட்காரவில்லை.

குரங்குக்குப் பெயர் வந்தது. பூங்கா, படித்துறை, ரயிலடி என்று ஊர் ஊராகத் துண்டு போட்டது. 'இன்மையின் இருப்பு' என்று ஒரு கிளி நாலு பக்கம் எழுதியது. எந்த ஊரிலும் யாரும் துண்டை எடுக்கவில்லை.

வயதாகி, முட்டி தேய்ந்து, குரங்கு ஊர் திரும்பியது. பேருந்தை விட்டு இறங்கியதும் உட்கார இடம் தேடியது. அதே பெஞ்சு, வெளுத்துப்போன துண்டு. பக்கத்தில் அதே வெள்ளாடு, தாடி நரைத்து நின்றது.

குரங்கு துண்டைத் தூக்கியது.

"அண்ணே, வைங்க. அங்க ஆள் வருது."

"அந்த ஆள் நான்தான்பா. துண்டு போட்டதே நான்தான்."

ஆடு அதை மேலும் கீழும் பார்த்தது.

"சும்மா இருங்கண்ணே. உங்களுக்காகவா நாங்க இத்தனை வருஷம் நின்னோம்?"

குரங்கு துண்டை மறுபடி விரித்து, சுருக்கத்தை நீவிவிட்டு, ஆட்டுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டது.