பக்கத்து நிலத்துக்காரர்

"இன்னிக்கும் வரலையா? அவங்க வராததுக்கு நான் எத்தனை தடவைங்க கடைக்கு லீவு சொல்றது?"

வள்ளிக்கண்ணுவின் குரல் அலுவலகம் முழுக்கக் கேட்டது. போன வாரம்தான் ஸ்ரீரங்கத்திலிருந்து மாற்றலாகி வந்திருந்த தாசில்தார் ரெஜிஸ், அவளை உள்ளே கூப்பிட்டார்.

"என்னம்மா பிரச்சினை?"

"என் மனையை அளக்கணுங்க. கல்லு நட்டாத்தான் வீடு கட்ட அனுமதி கிடைக்குமாம். பக்கத்து நிலத்துக்காரர் நேர்ல இருந்தாத்தான் அளப்பாங்களாம். அவங்க வந்தாத்தானே? கே.கே. நகர்ல வாடகை வீட்டைத் தை மாசம் காலி பண்ணச் சொல்லிட்டாங்க. ரெண்டு புள்ளைங்களை வச்சுக்கிட்டு நான் எங்கங்க போவேன்?"

ரெஜிஸுக்கு அலுத்துப்போய்விட்டது. வந்த நாளிலிருந்து இதே பாட்டு. எந்தக் கோப்பைத் திறந்தாலும் எவனோ ஒருவன் வரவில்லை. சர்வேயர் அமிர்தராஜை அழைத்தார்.

"நோட்டீஸ் கொடுத்தீங்களா?"

"கொடுத்தேன் சார். வாங்கிக்கிட்டாங்க."

"அப்புறம் ஏன் வரல?"

அமிர்தராஜ் மின்விசிறியைப் பார்த்தார்.

ரெஜிஸ் வள்ளிக்கண்ணு பக்கம் திரும்பினார். "ஆளு வெளியூராம்மா?"

"இல்லீங்க. தினமும் இந்த ஆபீசுக்கு வர்றவங்கதான்."

"தினமும் இங்க வரத் தெரியுது, அளக்கிற இடத்துக்கு வரத் தெரியலையா? என்ன திமிர்!" ரெஜிஸ் மேசையைத் தட்டினார். "இடத்தை அமுக்கியிருக்கான். அதான் கண்ணாமூச்சி காட்டுறான்."

"எனக்கும் அப்படித்தாங்க தோணுது."

அமிர்தராஜுக்குத் திடீரென்று இருமல் வந்தது.

ரெஜிஸ் அங்கேயே உத்தரவு எழுதினார். பக்கத்து நிலத்துக்காரர் வந்தாலும் வராவிட்டாலும் இன்றே அளக்க வேண்டும். எல்லை தாண்டி என்ன கட்டியிருந்தாலும் அவர் தன் செலவிலேயே அகற்ற வேண்டும். கையெழுத்துப் போட்டு முத்திரையும் குத்தினார்.

"போதுமாம்மா?"

வள்ளிக்கண்ணுவுக்குக் கண் கலங்கிவிட்டது. உத்தரவை இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டாள். "நல்லா இருப்பீங்க சார்."

அமிர்தராஜ் அளவு டேப்பை எடுத்து வந்தார். ஆனால் வெளியே போகவில்லை. மேசைக்கு முன்னாலேயே நெளிந்துகொண்டு நின்றார்.

"இன்னும் என்னய்யா? போய் அளங்க."

"சார்... நீங்க கொஞ்சம் எழுந்திரிச்சா நல்லாருக்கும். இந்தம்மாவோட மூலைக்கல்லு உங்க நாற்காலிக்குக் கீழதான் வருது. பக்கத்து நிலம் நம்ம ஆபீஸ் சார்."

ரெஜிஸ் தன்னையறியாமல் எழுந்து நின்றார். முகம் கறுத்துவிட்டது. "இதை முதல்லயே சொல்ல வேண்டாமாம்மா?"

"உங்களுக்கு முன்னாடி இருந்த மூணு சார்கிட்டயும் அதைத்தாங்க முதல்ல சொன்னேன்" என்றாள் வள்ளிக்கண்ணு. "ஒருத்தரும் கையெழுத்துப் போடல."