போதும் என்ற சொல்

வாருங்கள். நீங்களே சாட்சி.

கட்டிலில் படுத்திருக்கும் இவளுக்கு வயது ஐம்பத்தொன்று.

இருபத்தொன்பது ஆண்டுகளுக்கு முன், இப்படியொரு கட்டிலில், ஓடும் கேமராவின் முன் இவள் சொன்னாள்:

"போதும் சார்."

அது வசனம் அன்று. வேண்டுகோள்.

கேமரா நிற்கவில்லை.

அந்தச் சொல்லையும் படத்தில் வைத்தார்கள். அதன் மேலே வேறொருத்தியின் குரலில் சிணுங்கலை ஒட்டினார்கள். ஊர் ஊராக அரங்குகள் விசிலடித்தன.

எதற்கு விசிலடித்தோம் என்று இன்றுவரை ஒருவரும் கேட்டுக்கொள்ளவில்லை.

இன்று நண்பகல், வேறொரு படப்பிடிப்பு. சன்னலில் கறுப்புத் துணி. அறைக்குள் ஐந்தே பேர்.

கதைத்தாளில் இந்த இடத்துக்கு வழக்கமாக ஒரு வரி போதும்: படுக்கையறை, சூடான காட்சி. இயக்குநர் பெனிட்டா மூன்று பக்கம் எழுதியிருந்தாள். இவள் நடிக்கும், கணவனை இழந்த தையற்காரிக்கு என்ன வேண்டும், எங்கே கூசும், எப்போது சிரிப்பு வரும் என்று மூன்று பக்கம்.

கேமரா கட்டிலில் இருந்தவளின் முகத்துக்கு நேரே நின்றது. உடன் நடிக்கும் சந்தானராஜின் முதுகு மட்டுமே அதற்குத் தெரியும்.

காலையில் பெனிட்டா அவளிடம் கேட்டிருந்தாள், எந்தச் சொல்லைச் சொன்னால் எல்லோரும் நிறுத்த வேண்டும் என்று.

அவள் யோசிக்கவில்லை. கையில் இருந்தது அந்த ஒரு சொல்தான்.

கேமரா ஓடியது.

சந்தானராஜின் விரல் அவள் தோளைத் தொட்டது.

"போதும்."

கேமரா நின்றது. விளக்கு தணிந்தது. ஒலிவாங்கி பிடித்திருந்த பெண் அதைக் கீழே இறக்கினாள். சந்தானராஜ் நெருப்பைத் தொட்டவன் போல எழுந்தான்.

"அக்கா, நான் ஏதும் சொதப்பிட்டனா?"

"அட நீ இல்லப்பா."

பெனிட்டா ஓடிவந்து கட்டிலருகே மண்டியிட்டாள்.

கட்டிலில் இருந்தவள் அந்த அறையை ஒருமுறை சுற்றிப் பார்த்தாள். நின்றுபோன ஒவ்வொன்றையும் பார்த்தாள்.

"ஒண்ணுமில்ல டைரக்டரம்மா. நிக்குதான்னு பாத்தேன்."



மகள் வயதுக்காரியான பெனிட்டாவின் கையை எடுத்துத் தன் கண்களில் ஒற்றிக்கொண்டாள். கலைந்த மையை அவளே சரிசெய்தாள். மறுபடியும் படுத்தாள்.

"வாய்யா, வா. எவ்வளவு நேரம் நிப்ப?"

இந்த முறை கேமரா நெடுநேரம் ஓடியது. பெனிட்டா அந்தச் சொல்லுக்காகக் காதைத் தீட்டிக் காத்திருந்தாள்.

அது வரவில்லை. கடைசியில் பெனிட்டாவே நிறுத்தச் சொல்ல வேண்டியதாயிற்று.

அந்தப் படம் உங்கள் ஊருக்கும் வரும்.

விசிலுக்கு மடித்த விரலை எடுங்கள்.

அவள் முகத்தைப் பாருங்கள்.